மூன்று பிள்ளைகள், மூன்று நாடுகள்: அப்பா எப்படிப் போய் வருவது?

ஐயா, நீங்கள் கேட்டதைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன். வயது 67. துணைவியார் காலமாகி இரண்டு வருடம். பிள்ளைகள் மூவரும் மூன்று நாடுகளில். மூவருமே கூப்பிடுகிறார்கள். ஒரே சுற்றில் மூன்று வீட்டுக்கும் போய் வந்துவிடலாமா, தனித்தனியாகப் போவதா, ஆளுக்கு எத்தனை நாள்? சர்க்கரைக்கு இன்சுலின் போட்டுக்கொள்கிறீர்கள். கடைசியில் ஒரு வரி சேர்த்திருக்கிறீர்கள்: "அங்கே போய் நாள் முழுக்க என்ன செய்வேன் என்றுதான் பயமாக இருக்கிறது."

எனக்கு அந்தக் கடைசி வரிதான் உங்கள் கேள்வியாகத் தெரிகிறது. அதற்கு மெதுவாக வருகிறேன்.

நான் பயணச்சீட்டு அலுவலகத்தில் 22 வருடம் வேலை பார்த்தவள். பிள்ளைகளைப் பார்க்கக் கிளம்பும் அப்பா அம்மாக்களுக்குப் போட்ட சீட்டுக்குக் கணக்கே இல்லை. அப்புறம் என் பிள்ளைகளும் ஆளுக்கொரு திசையில் போனார்கள். மேஜைக்கு அந்தப் பக்கம் நானே வந்து உட்கார்ந்தேன். இரண்டு பக்க அனுபவத்தையும் வைத்துச் சொல்கிறேன்.

முதல் தடவையே மூன்று வீட்டையும் ஒரே சுற்றில் முடிக்க வேண்டாம். இரண்டு வீடு போதும். மூன்றாவதற்கு அடுத்த வருடம் தனியாகப் போங்கள். செலவு கூடத்தான் செய்யும். ஆனால் மூன்று வீட்டுச் சுற்றில் கடைசி வீட்டுக்குப் போய்ச் சேர்கிற அப்பா களைத்துப் போயிருப்பார், மனசு ஏற்கெனவே ஊர் திரும்பியிருக்கும். என் சின்னவன் ஒருமுறை கேட்டான்: "ஏம்மா, எங்க வீட்டுக்கு வந்தா மட்டும் நீ பெட்டியப் பிரிக்கவே மாட்டேங்கிற?" யோசித்துப் பார்த்தேன். எட்டு நாளில் கிளம்பப் போகிறோம், எதற்கு அடுக்குவது என்று மேலே இருந்த நாலு துணியை மட்டும் எடுத்துப் போட்டுக்கொண்டிருந்தேன். அவன் அலமாரியில் எனக்காக ஒரு தட்டை ஒழித்து வைத்திருந்தது கிளம்பும் நாளன்றுதான் கண்ணில் பட்டது.

உடம்புக் கடிகாரமும் ஒரு காரணம். மனித உடம்புக்குள் ஓடும் கடிகாரத்தின் ஒரு நாள் 24 மணி நேரத்தைவிடக் கொஞ்சம் நீளம். 1999-இல் அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் தூக்க ஆய்வாளர் சார்லஸ் சைஸ்லரும் அவரது குழுவினரும் அளந்து சொன்ன சராசரி 24 மணி 11 நிமிடம். இளையவர், முதியவர் என்று அதில் வித்தியாசம் தெரியவில்லை. நாள் நீண்டால் இந்தக் கடிகாரம் எளிதாக ஒத்துக்கொள்ளும், சுருங்கினால் முரண்டு பிடிக்கும். அதனால்தான் மேற்கே போகிற பயணம் பெரும்பாலானவர்களுக்கு லேசாக இருக்கிறது, கிழக்கே போகிற பயணம் படுத்துகிறது. தோராயமாக, ஒரு மணி நேர வித்தியாசத்துக்கு ஒரு நாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். மேற்கே போனால் இன்னும் கொஞ்சம் சீக்கிரம். மேற்கே ஒன்பது மணி நேர வித்தியாசம் என்றால் முதல் வாரம் முழுக்க ராத்திரி இரண்டு மணிக்கு முழித்துக்கொண்டு, சாயங்காலம் பிள்ளை வேலையிலிருந்து வரும் நேரத்தில் சோபாவில் தூங்கி வழிவீர்கள். பகல் வெளிச்சத்தில் நடப்பதுதான் இதற்கு நல்ல மருந்து. ஆக, ஆறு மணி நேரத்துக்கு மேல் வித்தியாசம் உள்ள வீட்டுக்கு மூன்று வாரத்துக்குக் குறைந்து போகாதீர்கள். முதல் தடவையில் ஆறு வாரத்துக்கு மேலும் வேண்டாம். ஒரே நாட்டுக்குள், ஓர் இரவு ரயில் தூரத்தில் பிள்ளை இருந்தால் இந்தக் கணக்கே வேறு: ஐந்து நாள், அடிக்கடி. என்றைக்காவது மூன்று வீட்டுச் சுற்று போட்டால், முடிந்தவரை மேற்கு நோக்கியே போகிற மாதிரி வரிசை வையுங்கள்.

ஆளுக்கு எத்தனை நாள் என்கிறீர்கள். சமமாகப் பிரிக்கப் பார்க்காதீர்கள். பிள்ளைகள் எண்ணுவார்கள், அது தெரியும். நாற்பது வயதிலும் எண்ணுவார்கள். ஆனால் கைக்குழந்தை இருக்கிற வீடும் ஒற்றை அறை வீடும் ஒரே மாதிரி நாட்களைத் தாங்காது. ஒவ்வொருவரிடமும் மூன்று விஷயம் கேளுங்கள். எனக்குக் கதவு சாத்திக்கொள்ளக்கூடிய இடம் உண்டா? எந்த வாரம் உனக்கு விடுப்பு கிடைக்கும்? அடுத்த ஆறு மாதத்தில் வீடு மாறுவது, பிரசவம், பரீட்சை, வேலை மாற்றம் என்று ஏதாவது வருகிறதா? பதிலிலிருந்து நாள் தானாக வந்துவிடும். முடிவானதும் மூவரையும் ஒரே அழைப்பில் வைத்துச் சொல்லிவிடுங்கள். "அண்ணன் வீட்டுக்கு அஞ்சு வாரமாமே" என்று தங்கை வேறு யார் மூலமாகவோ கேள்விப்படுவதில்தான் மனக்கசப்பு ஆரம்பிக்கிறது. நான் வரிசையை மாற்றிக்கொண்டே இருப்பேன்: போன தடவை கடைசியாகப் போன வீட்டுக்கு இந்தத் தடவை முதலில்.

இனி சீட்டு. இரண்டு வீட்டுக்குப் போகிறீர்கள் என்றால் பல ஊர்களை ஒரே சீட்டில் சேர்க்கும் 'மல்டி சிட்டி' முறையில் எல்லாவற்றையும் ஒரே பி.என்.ஆர்.-இல், அதாவது ஒரே முன்பதிவு எண்ணில் போடுங்கள். துண்டு துண்டாக வாங்கினால் சில சமயம் மலிவுதான். ஆனால் முதல் விமானம் தாமதமாகி அடுத்ததைத் தவறவிட்டால், இரண்டாவது நிறுவனத்துக்கு எந்தப் பொறுப்பும் கிடையாது. புதுச் சீட்டு உங்கள் காசில். ஒரே சீட்டு என்றால் அடுத்த விமானத்தில் ஏற்றிவிடுவது அவர்கள் கடமை. இதில் ஒரு பொறி இருக்கிறது, நல்ல படித்தவர்களே விழுந்து பார்த்திருக்கிறேன். ஒரே சீட்டில் நாலு பறத்தல் இருந்து, நடுவில் ஒன்றில் சொல்லாமல் கொள்ளாமல் ஏறாமல் விட்டால், மீதி அத்தனையும் ரத்தாகிவிடும். "பேத்தி விடமாட்டேங்கிறா, இந்த ஒரு விமானத்தை விட்டுட்டு அப்புறம் ரயில்ல போய்க்கிறேன்" என்று முடிவெடுத்தால், முதலில் நிறுவனத்தைக் கூப்பிட்டுச் சீட்டை மாற்றிவிட்டு அப்புறம் பேத்தியோடு இருங்கள். கட்டணம் கொஞ்சம் கூடினாலும் தேதி மாற்ற அனுமதிக்கும் சீட்டை வாங்கச் சொல்வது இதற்காகத்தான்.

விமானம் மாறும் இடத்தில் மூன்று மணி நேரமாவது இருக்கட்டும். சக்கர நாற்காலி உதவியை வெட்கப்படாமல் கேளுங்கள். நடக்க முடியாதவர்களுக்கு மட்டும்தான் என்று நிறையப் பேர் நினைக்கிறார்கள். அதில் மூன்று வகை உண்டு, ஒவ்வொன்றுக்கும் விமான நிறுவனங்கள் வைத்திருக்கும் ஒரு குறியெழுத்து. படி ஏற முடியும், விமானத்துக்குள் நடக்கவும் முடியும், ஆனால் நிலையத்தின் நீண்ட தூரம் மட்டும் முடியாது என்றால் டபிள்யூ.சி.எச்.ஆர். படி ஏற முடியாவிட்டால் டபிள்யூ.சி.எச்.எஸ். இருக்கை வரைக்கும் தூக்கிக்கொண்டுதான் போக வேண்டும் என்றால் டபிள்யூ.சி.எச்.சி. உங்களுக்கு முதல் வகை போதும். சீட்டுப் போடும்போதே பதிந்துவிடுங்கள், தவறினால் 48 மணி நேரத்துக்கு முன்னால். தெரியாத நிலையத்தில் எந்த வாசல், எந்த வரிசை என்று தேடும் பதற்றத்தை அது மிச்சப்படுத்தும். பெரிய லாபம் அதுதான்.

விசாவில் ஒரே ஒரு விஷயத்தை மனசில் வையுங்கள்: விசா எத்தனை வருடம் செல்லும் என்பதும், ஒரு தடவை போனால் எத்தனை நாள் தங்கலாம் என்பதும் வேறு வேறு. அமெரிக்காவுக்குப் பத்து வருட விசா கையில் இருந்தாலும், எந்தத் தேதிக்குள் கிளம்ப வேண்டும் என்பதை இறங்கும்போது அங்குள்ள அதிகாரிதான் தீர்மானிப்பார்; பெரும்பாலும் ஆறு மாதம் வரை. ஐ-94 என்ற அந்தப் பதிவை இணையத்தில் பார்த்து, தேதியைத் தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ஐரோப்பாவில் ஒரே விசாவில் போய் வரக்கூடிய ஷெங்கன் நாடுகள் 29. அவை எல்லாவற்றுக்கும் சேர்த்து, எந்த 180 நாளை எடுத்தாலும் 90 நாள்தான். ஒரு மகன் ஜெர்மனியில், ஒரு மகள் நெதர்லாந்தில் என்றால் இருவர் வீட்டிலும் சேர்த்து 90. ஆளுக்கு 90 இல்லை. பிரிட்டன் அந்தக் கணக்கில் வராது. கனடாவில் பெற்றோருக்கென்றே சூப்பர் விசா இருக்கிறது. 2022 ஜூலையிலிருந்து ஒரு தடவை போனால் ஐந்து வருடம் வரை தங்கலாம். ஆஸ்திரேலியாவில் 870 என்ற பெற்றோர் விசா மூன்று அல்லது ஐந்து வருடத்துக்குக் கொடுக்கிறார்கள். விதிகள் மாறிக்கொண்டே இருக்கும், அந்தந்த அரசின் தளத்தில் பார்த்துவிட்டுச் சீட்டுப் போடுங்கள். பாஸ்போர்ட் பயணம் முடிந்த பிறகும் ஆறு மாதம் செல்லுபடியாக இருக்கட்டும். பல நாடுகள் அதைக் கேட்கும்.

மருந்துக்கு வருவோம், உங்கள் விஷயத்தில் இதைக் கவனமாகப் பார்க்க வேண்டும்.

இன்சுலினைச் சரக்குப் பெட்டியில் வைக்கவே கூடாது. பெட்டி தொலைந்தால் அதுவும் போச்சு. தவிர, கீழே உறைந்துவிடலாம், உறைந்த இன்சுலின் உருகி வந்தாலும் பயன்படாது. கைப்பையில் வையுங்கள். 100 மில்லிக்கு மேல் திரவம் கூடாது என்ற விதியிலிருந்து மருந்துக்கு விலக்கு உண்டு. சோதனையின்போது தனியாக எடுத்துக் காட்டிவிடுங்கள். புட்டியில் போடுகிறவராக இருந்தால் லேபிளில் 40 என்று இருக்கிறதா, 100 என்று இருக்கிறதா என்று பாருங்கள். இந்தியாவில் ஒரு மில்லிக்கு 40 யூனிட் புட்டிகள் புழக்கத்தில் உள்ளன. வெளிநாடுகளில் பெரும்பாலும் 100. 40-க்கான ஊசியில் 100-ஐ ஏற்றினால் இரண்டரை மடங்கு மருந்து உள்ளே போய்விடும், உயிருக்கே ஆபத்து. அதனால் மருந்தோடு ஊசியையும் முழுப் பயணத்துக்கும் போதுமான அளவு, இரண்டு வாரம் கூடுதலாக எடுத்துப் போங்கள். விமான நேரங்களை ஒரு தாளில் எழுதி மருத்துவரிடம் காட்டுங்கள்: மேற்கே போனால் அந்த நாள் நீளும், கிழக்கே போனால் சுருங்கும், அதற்கேற்ப அளவையும் நேரத்தையும் அவர்தான் சொல்ல வேண்டும்.

சர்க்கரை பார்க்கும் கருவியையும் கொண்டுபோங்கள். என்னுடையது ஒரு தடவை வழியில் கெட்டுப்போனது. மகன் அங்கேயே ஒன்று வாங்கி வந்தான். விரலைக் குத்திப் பார்த்தால் 9.4 என்றது. எனக்குக் கை நடுங்கிவிட்டது. சர்க்கரை ஒன்பதுக்கு இறங்கியவள் எப்படி எழுந்து உட்கார்ந்திருக்கிறேன் என்று யோசிக்கக்கூடத் தோன்றவில்லை. மருமகள்தான் அட்டைப்பெட்டியைத் திருப்பிப் படித்துவிட்டுச் சிரித்தாள். பிரிட்டன், கனடா, ஆஸ்திரேலியா மாதிரி நாடுகளில் அளவே வேறு, மில்லிமோல் கணக்கு. அந்த எண்ணை 18-ஆல் பெருக்கினால் நமக்குப் பழகிய எண் வந்துவிடும். 9.4 என்பது 169.

மருந்துச் சீட்டில் வணிகப் பெயரோடு மூலப் பெயரையும் எழுதி வாங்குங்கள். வணிகப் பெயர் நாட்டுக்கு நாடு மாறும். மூலப் பெயரே சில சமயம் மாறும்: நாம் பாரசிட்டமால் என்பதை அமெரிக்காவில் அசெட்டமினோஃபென் என்பார்கள். சாதாரண இருமல், சளி மருந்துகூடச் சில இடங்களில் சிக்கல். கோடீன் கலந்த மருந்துக்கு ஐக்கிய அரபு அமீரகத்தில் கட்டுப்பாடு உண்டு. சூடோஎஃபெட்ரின் பத்து சதவீதத்துக்கு மேல் உள்ளதை ஜப்பானுக்குள் கொண்டுபோக முடியாது. நாலு மாத்திரை என்று அலட்சியமாக இருக்காதீர்கள். கிளம்பும் முன் பல்லையும் கண்ணையும் காட்டிவிடுங்கள், மாற்றுக் கண்ணாடி ஒன்று பெட்டியில் இருக்கட்டும். பயணக் காப்பீடு அவசரம் தவிரப் பல்லுக்குப் பெரும்பாலும் கொடுக்காது. காப்பீடு எடுக்கும்போது சர்க்கரையை மறைக்கவே கூடாது. மறைத்தது தெரிந்தால் வேறு எதற்கும்கூடப் பணம் வராமல் போகலாம். ஏற்கெனவே இருக்கும் நோய் திடீரென்று முற்றினால் கொடுப்பார்களா என்ற ஒரு வரியைத் தேடிப் படியுங்கள். மற்றது எல்லாம் விளம்பரம்.

விமானத்தில் நடைபாதை ஓர இருக்கை கேளுங்கள். நாலு மணி நேரத்துக்கு மேல் அசையாமல் உட்கார்ந்தால் கால் ரத்தக்குழாயில் ரத்தம் கட்டும் அபாயம் கிட்டத்தட்ட இரண்டு மடங்காகிறது என்று 2007-இல் உலக சுகாதார நிறுவனம் சொன்னது. பயப்படுகிற அளவு இல்லை, அதே ஆய்வின்படி சுமார் 6,000 பேரில் ஒருவருக்கு. எழுந்து நடப்பது, கெண்டைக்காலை இறுக்கித் தளர்த்துவது, தண்ணீர் குடிப்பது போதும். முன்பு எப்போதாவது ரத்தம் கட்டியிருந்தால், சமீபத்தில் அறுவை சிகிச்சை நடந்திருந்தால் மருத்துவரைக் கேட்காமல் ஏறாதீர்கள். நுரையீரல் பலவீனமானவர்களும் அப்படியே. விமானத்துக்குள் இருக்கும் காற்றழுத்தம் ஆறாயிரம், எட்டாயிரம் அடி மலையில் இருப்பதற்குச் சமம்.

சரி, இப்போது அந்தக் கடைசி வரி.

முதல் தடவை மகள் வீட்டுக்குப் போனபோது வந்து இறங்கியது வெள்ளிக்கிழமை. சனி, ஞாயிறு திருவிழா மாதிரி போனது. திங்கட்கிழமை காலை 8:40-க்கு வீடு காலி. கதவு சாத்தினால் தானாகப் பூட்டிக்கொள்ளும் ரகம். அடுப்பருகே போனேன். குமிழ் கிடையாது, ஒரு கறுப்புக் கண்ணாடி, ஓரத்தில் சின்னதாகப் பூட்டுப் படம். விரலை வைத்தேன், பீப் என்றது. எடுத்தேன், மறுபடியும் பீப். விட்டுவிட்டேன். கொஞ்சம் நடந்துவிட்டு வரலாம் என்று வாசல் வரை போனேன். பின்னால் கதவு சாத்திக்கொண்டால்? திரும்பி வந்து உட்கார்ந்தேன். யாரோ மணி அடித்தார்கள், திறக்கவில்லை. கண்ணாடி வழியாகப் பார்த்தால், ஒரு பொட்டலத்தை வைத்துவிட்டுப் போகிறார். அதை எடுக்கக் கதவைத் திறக்கவும் பயம். சாயங்காலம் மகள் வந்து, "நாள் எப்படிம்மா போச்சு?" என்றாள். "நல்லா ஓய்வெடுத்தேன்" என்றேன். அவள் முகத்தில் வந்த நிம்மதியைப் பார்த்ததும் அதையே மறுநாளும் சொன்னேன். பதினோரு நாள் ஓய்வெடுத்தேன். பன்னிரண்டாம் நாள் குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதேன்.

யார் மேலும் தப்பில்லை. அவள் அம்மாவுக்கு ஒரு வேலையும் வைக்கக் கூடாது என்று நினைத்தாள், நான் அவளுக்கு ஒரு தொந்தரவும் கொடுக்கக் கூடாது என்று நினைத்தேன்.

அடுத்த தடவை போய் இறங்கியதும் நான் கேட்ட முதல் பொருள் சாவி. எனக்கென்று ஒரு சாவி. அது கையில் வந்த அன்றைக்கு நான் அந்த வீட்டில் இருப்பவளாக ஆனேன். அதுவரை அங்கே இறக்கி வைக்கப்பட்ட பெட்டிதான். அதனால் உங்களுக்குச் சொல்கிறேன், வார நாட்களை யோசித்துத்தான் பயணத்தையே திட்டமிட வேண்டும். சனி ஞாயிறைப் பிள்ளைகள் பார்த்துக்கொள்வார்கள். முதல் வார இறுதியைச் சுற்றுலாவுக்குக் கொடுக்காமல் பயிற்சிக்குக் கேட்டு வாங்குங்கள். சாவி. அடுப்பு, வெந்நீர், சூடாக்கும் கருவி, துணி துவைக்கும் எந்திரம். புகை அலாரம் கத்தினால் எப்படி நிறுத்துவது. ஒரு சுற்று நடந்து திரும்பும் வழி. அதைப் பிள்ளை கூட்டிப் போக நீங்கள் பின்னால் போகாமல், நீங்கள் முன்னால் நடக்க அவர் பின்னால் வரட்டும். உள்ளூர் எண் போட்ட போன். வீட்டு முகவரி ஒரு தாளில், அந்த ஊர் மொழியில். அவசர எண்ணும் அதே தாளில்: ஐரோப்பாவில் 112, அமெரிக்காவிலும் கனடாவிலும் 911, பிரிட்டனில் 999, ஆஸ்திரேலியாவில் மூன்று பூஜ்யம். என் மகள் ஒவ்வொரு பொத்தானுக்குப் பக்கத்திலும் தமிழில் எழுதிக் காகிதம் ஒட்டினாள். அடுப்பின் பூட்டுப் படத்துக்குப் பக்கத்தில் "மூணு எண்ணும் வரை அழுத்து" என்று இருந்தது. அவ்வளவுதான் விஷயம். பன்னிரண்டு நாள் அதற்காகப் பச்சைத் தண்ணீர் குடித்திருக்கிறேன்.

அப்புறம் உங்களுக்கென்று ஒரு வேலை கொண்டுபோங்கள். புத்தகம் படிப்பேன், தூங்குவேன் என்பதெல்லாம் நாலு நாள்தான் தாங்கும். வீட்டில் பழைய புகைப்படங்கள் இருக்குமே, அதில் யார் யார், எந்த வருடம் என்று தெரிந்தவர் இனி நீங்கள் ஒருவர்தான். ஒரு கட்டு எடுத்துப் போய்ப் பின்பக்கம் பென்சிலில் எழுதுங்கள். பேரப்பிள்ளை பள்ளிவிட்டு வந்ததும் தினம் ஒரு படம் காட்டுங்கள். நூலகம் எங்கே என்று விசாரியுங்கள். பெரும்பாலான பொது நூலகங்களில் உள்ளே உட்கார்ந்து படிக்க உறுப்பினராக இருக்க வேண்டியதில்லை. தினமும் ஒரே நேரத்தில் ஒரே பாதையில் நடங்கள். இரண்டாவது வாரம் எதிரே நாயோடு வருகிற ஒருவர் தலையசைப்பார். மொழி தெரியாவிட்டால் என்ன, தலையசைத்தால் போதும்.

வீட்டு வேலையில் ஒன்றே ஒன்றை முழுசாக எடுத்துக்கொள்ளுங்கள். எதை என்று உங்கள் பிள்ளையைக் கேட்காமல் மருமகளையோ மருமகனையோ கேளுங்கள். பிள்ளை "ஒண்ணும் வேணாம்ப்பா" என்றுதான் சொல்லும். குப்பையை எந்தக் கிழமை எந்தத் தொட்டியில் வெளியே வைப்பது என்பது பல ஊர்களில் பெரிய சாஸ்திரம். அதைக் கற்றுக்கொண்டு பொறுப்பை ஏற்றுக்கொண்டால் அந்த வீடே நன்றி சொல்லும். கேட்காமல் அலமாரியை ஒழுங்குபடுத்தாதீர்கள். செடியை வெட்டாதீர்கள். நான் இரண்டையும் செய்திருக்கிறேன்.

இன்னொன்று, கோபித்துக்கொள்ள மாட்டீர்கள் என்று நம்பிச் சொல்கிறேன். நிறைய வீடுகளில் அப்பாவுக்கும் பிள்ளைகளுக்கும் நடுவில் பேச்சு அம்மா வழியாகத்தான் நடக்கிறது. போனில் அரைமணி நேரம் அம்மா பேசுவார், கடைசியில் "இரு, அப்பாகிட்ட குடுக்கறேன்." அப்பா "சாப்பிட்டியா, உடம்பு எப்படி" என்று கேட்டுவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிடுவார். உங்கள் வீடும் அப்படி இருந்திருந்தால், முதல் வாரம் சாயங்காலங்களில் ஒரு மௌனம் வரும். பிள்ளைக்கும் என்ன பேசுவது என்று தெரியாது. அதைத் தொலைக்காட்சியால் நிரப்பிவிடாதீர்கள். எதிரெதிரே உட்கார்ந்து பேசுவதைவிடக் காரில் பக்கத்தில் உட்கார்ந்து, இரண்டு பேரும் சாலையைப் பார்த்துக்கொண்டு பேசுவது எளிது. சாமான் வாங்கப் போகும்போதெல்லாம் கூடவே கிளம்புங்கள். மனைவியைப் பற்றிப் பேச்செடுக்க அவர்கள் தயங்குவார்கள், நீங்கள் வருத்தப்படுவீர்களோ என்று. நீங்களே எடுங்கள்.

மூன்று வீட்டுக்கும் போகிற அப்பா தன்னையறியாமல் தபால்காரராகிவிடுவார், அதில் கவனம் வேண்டும். "அங்க குழந்தை எட்டு மணிக்கே தூங்கிடுது", "அவன் வீட்ல ரெண்டு பேரும் சேர்ந்துதான் சமைக்கிறாங்க" என்று சும்மாதான் சொல்வீர்கள். கேட்கிறவர் காதில் அது மதிப்பெண் பட்டியலாக விழும். அதைவிட மோசம், ஒரு வீட்டில் கண்ணில் பட்ட கஷ்டத்தை இன்னொரு வீட்டில் இறக்கி வைப்பது. என் மூத்தவன் வேலை ஆட்டம் காண்கிறது என்பதைக் கவலை தாங்காமல் மகளிடம் சொல்லிவிட்டேன். அவள் பாசத்தோடு அவனைக் கூப்பிட்டு விசாரித்தாள். அடுத்த ஒரு வருடம் அவன் என்னிடம் எதையுமே சொல்லவில்லை. வானிலை மட்டும் சொன்னான். மூன்று பேரும் தூரமாக இருப்பதால் ஒருவர் வாழ்க்கையை மற்றவர் நேரில் பார்ப்பதில்லை, உங்கள் கண் வழியாகத்தான் பார்க்கிறார்கள். அதனால் கொண்டுபோக ஏதாவது வேண்டுமென்றால் பொருளாகக் கொண்டுபோங்கள். பேத்தி வரைந்த படத்தை மாமன் வீட்டுக்கு, மாமன் வீட்டுப் பையன் தன் கையால் எழுதிய கடிதத்தைப் பேத்திக்கு. நான் இப்போது அது மட்டும்தான் சுமக்கிறேன்.

பணம் பற்றிச் சுருக்கமாக: சீட்டை அவர்கள் வாங்கித் தந்தாலும், அங்கே கைச்செலவுக்கு உங்கள் அட்டை ஒன்று வேலை செய்யும்படி கிளம்பும் முன் வங்கியில் சொல்லி வையுங்கள். பேரப்பிள்ளைக்கு ஒரு பென்சில் வாங்க மகனிடம் காசு கேட்கும் நிலை வேண்டாம்.

கிளம்புவதற்கு முந்தைய இரண்டு நாளைக் காலியாக விடுங்கள். அந்த நாட்களில் வீட்டில் எல்லாருக்கும் சின்னச் சின்னதாக எரிச்சல் வரும், காரணமே இல்லாமல் ஒரு சண்டைகூட வரலாம். பிரிவு அப்படித்தான் தலைகாட்டும், பெரிதுபடுத்தாதீர்கள். "அடுத்து எப்பப்பா வருவீங்க" என்ற கேள்விக்கு விமான நிலையத்தில் வைத்துத் தேதி சொல்லிவிடாதீர்கள், மற்ற இரண்டு பேரையும் கேட்காமல் கொடுக்கும் வாக்கு அது. சாவியைத் திருப்பிக் கேட்டால் ஒழிய நீங்களாகக் கொடுக்க வேண்டாம். என் கைப்பையில் இரண்டு வீட்டுச் சாவி கிடக்கிறது. மூன்றாவது வீட்டில் எண் பூட்டு.

யார் எந்த நாட்டில், எந்த வாரங்களில் அவர்களுக்கு விடுப்பு, நீங்கள் இன்சுலின் போடுவது பேனா ஊசியிலா, புட்டியிலிருந்தா என்று எழுதுங்கள். முதலில் எந்த இரண்டு வீடு, எந்த வரிசை என்று பார்த்துச் சொல்கிறேன். அதற்குள் பாஸ்போர்ட்டை எடுத்துக் காலாவதி தேதியைப் பார்த்துவிடுங்கள்.